இரண்டு மணித்தியாலத்தில் காயிலிருந்து கட்டி வரையா?
நுவரெலியாவுக்குப் போகிறவர்கள் இரண்டே மணித்தியாலத்தில் கொக்கோ காயிலிருந்து சொக்லேட் கட்டி வரை தங்கள் கையாலேயே செய்துவிடலாம் என்று ஒரு பயணக் கட்டுரையில் இருக்கிறது. அதில் பாதிதான் சரி. காயை உடைத்து எடுக்கும் விதையை அந்த வெள்ளைச் சதையோடேயே ஐந்தாறு நாள் புளிக்க வைக்கவேண்டும், பிறகு ஒரு கிழமையளவு வெயிலில் காயவேண்டும். அது நடக்காவிட்டால் எவ்வளவு வறுத்தாலும் சொக்லேட் மணம் வராது. கல் கிரைண்டரில் பட்டுப்போல அரைபடவும் ஒரு நாளாவது பிடிக்கும். மாத்தளைப் பக்கம் நாங்கள் போன சொக்லேட் வகுப்பில் ஏற்கெனவே புளித்துக் காய்ந்த விதையைத்தான் தந்தார்கள். வறுத்து, தோல் உடைத்து, சுளகில் புடைத்தோம் (எங்கள் அம்மா புடைப்பதை, வகுப்பு நடத்தியவரே பார்த்துக்கொண்டு நின்றார்). என்னைக் கேட்டால், உருக்கிய கறுப்புச் சொக்லேட்டை 27, 28 பாகைக்கு ஆறவிட்டு, மறுபடி 31 வரை ஏற்றி அச்சில் ஊற்றுவதைப் பழகத்தான் காசு கொடுக்கலாம். அது பிசகினால் கட்டியில் வெள்ளை பூத்துவிடும், உடைக்கும்போது சத்தமும் வராது. தேயிலைத் தோட்டத்தோடு கொக்கோ மரமும் பார்க்கலாமா என்று அந்தக் கட்டுரையின் கீழே ஒரு தம்பி கேட்டிருக்கிறார்: நுவரெலியாக் குளிர் அதற்கு ஆகாது, இறங்கி மாத்தளை, கண்டிப் பக்கம் வாருங்கள், தென்னைக்கும் மிளகுக்கொடிக்கும் நடுவே நிற்கும்.