லாஹௌல் வேறு, ஸ்பிதி வேறு

அடல் சுரங்கப்பாதை வந்தபின் இமாச்சலப் பிரதேசத்தின் லாஹௌல்–ஸ்பிதி மாவட்டம் முழுக்கப் பனிக்காலத்திலும் போகலாம், தலைநகர் காஸா என்று எழுதியிருக்கிறீர்கள். இரண்டுமே தவறு. மாவட்டத் தலைநகர் கேலாங், லாஹௌலில் இருக்கிறது. காஸா ஸ்பிதி உட்கோட்டத்துக்கு மட்டும்தான் தலைமையிடம்.

2020இல் திறந்த அந்தச் சுரங்கம் மணாலிப் பக்கத்திலிருந்து ரோஹ்தாங் கணவாய்க்கு அடியில் போய் லாஹௌல் பக்கம் வெளிவருகிறது, அவ்வளவுதான். அங்கிருந்து ஸ்பிதிக்குச் சுமார் 4,550 மீட்டர் உயரக் குன்சும் கணவாயைத் தாண்ட வேண்டும். பனி விழுந்தால் அது மாதக்கணக்கில் மூடிக்கிடக்கும். அப்போது கேலாங்கில் வேலை இருக்கும் காஸாக்காரர் பக்கத்துக் கின்னோர் மாவட்டம் வழியாக ஊரைச் சுற்றித்தான் வரவேண்டும், சொந்த மாவட்டத் தலைநகருக்கு! ஆறுகூடப் பொதுவில்லை: லாஹௌல் தண்ணீர் செனாபுக்கு, ஸ்பிதி தண்ணீர் சட்லெஜுக்கு.

ஜனவரியில் காஸா போகிறவர்கள் மணாலியை நம்பாமல் சிம்லா, கின்னோரின் ரெக்காங் பியோ வழியைப் பாருங்கள்.