வீடு எழுதினதோடு கணக்கு முடிந்ததா?

திருகோணமலையில் எந்தச் சந்தியில் நின்று மரண அறிவித்தலை வாசித்தாலும் இப்போது 88, 91, 94 என்றுதான் அதிகம் கிடக்கிறது. செத்த வீட்டுக்குப் போய் "நல்லாய் வாழ்ந்துபோன சீவன்" என்று சொல்லிவிட்டு வருகிறோம். அந்தச் சீவனைக் கடைசிக் காலம் முழுக்கத் தூக்கி இருத்தி, குளிப்பாட்டி, பம்பஸ் மாற்றின மகளுக்கு என்ன வயது என்று கேட்பாரில்லை. அவவும் அறுபதைத் தாண்டினவவாய்த்தான் இருப்பா.

ஆயுள் கூடினது கெட்டது என்று சொல்ல வரவில்லை. ஒருகாலத்தில் எங்களுடையது மலேரியாக் காய்ச்சல் ஊர். நுளம்பைக் கொல்ல டிடிடி மருந்து அடிக்கத் தொடங்கிய காலத்தில், 1946க்கும் 1947க்கும் இடையில் மட்டும், இலங்கையில் ஆயிரம் பேருக்கு 20 ஆக இருந்த வருட இறப்பு 14 ஆக இறங்கியது. இலவச வைத்தியம், மருத்துவிச்சிமார், பெண்பிள்ளைகளின் படிப்பு எல்லாம் சேர்ந்து மிச்ச வேலையைச் செய்தன. 1960களின் தொடக்கம் வரை இந்த நாட்டில் பெண்களுக்கு ஆண்களைவிட ஆயுள் குறைவு. பிள்ளைப்பேற்றில் போனவர்கள் அவ்வளவு பேர். இன்றைக்குப் பெண்களின் சராசரி ஆயுள் எண்பதை ஒட்டி நிற்கிறது, ஆண்கள் சில வருடம் முந்திப் போய்விடுகிறார்கள். ஆகவே வீட்டில் கடைசியாய் மிஞ்சுவது அம்மா. அம்மாவைப் பார்ப்பது மகள்.

எந்த மகள்? இங்கேதான் எங்கள் ஊர் வழக்கம் வருகிறது. கிழக்கில் வீடு பெண்பிள்ளைக்கு. சீதனமாக உறுதி (வீட்டுப் பத்திரம்) எழுதும்போது தாய் தகப்பனுக்குச் சீவிய உரித்து வைத்து எழுதுவார்கள். சாகும்வரை அவர்கள் அந்த வீட்டில் இருக்கலாம், அதன்பிறகு முழு உரித்தும் மகளுக்கு. யாரும் வாய்விட்டுச் சொல்லாவிட்டாலும், கடைசிக் காலத்தில் பார்ப்பதற்கான ஒப்பந்தமும் அதற்குள்தான் இருக்கிறது. எங்கள் அம்மம்மா காலத்தில் நல்ல ஏற்பாடு. அறுபது அறுபத்தைந்தில் கண்ணை மூடுவார்கள், மகளுக்கு அப்போது நாற்பது. இப்போது அதே உறுதி, அதே வசனம், ஆனால் சீவியம் முப்பது வருடம் நீண்டுவிட்டது.

பிரான்சில் ஜான் கால்மான் என்றொரு அம்மா இருந்தா. 122 வருடமும் 164 நாளும் வாழ்ந்து 1997இல் காலமானா. பதிவில் அதைவிடக் கூடின வயது கிடையாது. 1965இல், தொண்ணூறு வயதில், தன் வீட்டை உறுதி எழுதுகிற ஒரு நொத்தாரிசுக்குக் கொடுத்தா. மாதாமாதம் 2,500 பிராங்க் தரவேண்டும், அவ போனபிறகு வீடு அவருக்கு. மனிதர் முப்பது வருடம் கட்டினார். வீட்டின் பெறுமதியைப்போல் இரண்டு மடங்குக்கு மேல் கட்டிவிட்டு, 1995இல் அவர்தான் முந்திப் போனார். மனைவி தொடர்ந்து கட்டினா. அந்தம்மாவைக் குறை சொல்ல முடியுமா? வாழ்ந்தது குற்றமில்லை. உறுதி எழுதும்போது இவ்வளவு நீளும் என்று யாரும் நினைக்கவில்லை, அவ்வளவுதான். ஆனால் நொத்தாரிசு காசுதான் கட்டினார். எங்கள் பெண்கள் கட்டுவது முதுகெலும்பை.

எங்கள் வீட்டுக் கதையும் இதுதான். அம்மாவுக்கு 91. பெரியக்காவுக்கு 66. அக்காவுக்கே பிரஷர், முழங்கால் ஏலாது. அம்மாவின் கிளினிக் நாளும் தன்னுடைய கிளினிக் நாளும் ஒன்றாய் விழுந்தால் தன்னுடையதை விட்டுவிடுவா. தம்பி கனடாவில். நல்லவன், காசும் அனுப்புகிறான். பின்னேரம் வாட்ஸ்அப்பில் வந்து "அக்கா, அம்மா சாப்பிட்டாவா? குளிசை குடுத்தீங்களா?" என்பான், மேலதிகாரி கேட்பதுபோல. ஒருமுறை அக்கா அலுத்துப்போய்ப் பேசினதற்கு அவன் சொன்னது: "வீடு உங்களுக்குத்தானே எழுதினது." அக்கா அதன்பிறகு ஒன்றும் பேசவில்லை. எனக்குத்தான் பற்றிக்கொண்டு வந்தது. திருகோணமலை உவர்மலையில் ஒரு வீட்டைக் காட்டி ஒரு மனுஷியின் ஐம்பதிலிருந்து எழுபது வரையான வயதை வாங்கிவிடலாம் என்று எந்த உறுதியில் எழுதியிருக்கிறது?

சட்டம் இல்லாமலில்லை. 2000ஆம் ஆண்டின் 9ஆம் இலக்க முதியோர் உரிமைப் பாதுகாப்புச் சட்டப்படி, பார்க்காத பிள்ளைகளிடம் பராமரிப்புச் செலவு கேட்டுப் பெற்றோர் முறையிடலாம். நல்ல சட்டம். ஆனால் அது பார்க்காத பிள்ளையைத்தான் தேடுகிறது. பார்த்துக்கொண்டே தேய்ந்துபோகிற பிள்ளை அதன் கண்ணில் படுவதில்லை. மூதூர், சம்பூர்ப் பக்கம் கதை இன்னும் மோசம். கனடாக் காசும் இல்லை, கடலுக்குப் போன மனுஷனுக்கு அரச உத்தியோகப் பென்சனும் இல்லை. அரசாங்கத்தின் முதியோர் கொடுப்பனவு ஒரு மாதப் பம்பஸுக்கே காணாது.

(ஓய்வு வயதிலேயே ஒரு நிலையில் நிற்க முடியாத நாடு இது. 2022ஆம் ஆண்டுக்கான வரவு செலவுத் திட்டத்தில் அரச ஊழியருக்கு 65 என்றார்கள், அந்த வருடம் முடிவதற்குள் திரும்ப 60 ஆக்கினார்கள். எங்கள் திருகோணமலைத் தமிழ்த் தலைவர் சம்பந்தன் ஐயா 1977இல் முதன்முதல் தெரிவாகி, 2024இல் 91 வயதில் எம்.பி.யாகவே காலமானார். அவர் மேல் எனக்குள்ள மரியாதை வேறு. ஆனால் அவருக்குப் பின்னால் வரிசையில் நின்ற "இளைஞர்களுக்கு" அறுபது வந்துவிட்டது என்பதும் உண்மை.)

ஜப்பானில் 1963இல் நூறு வயது தாண்டினவர்கள் 153 பேர். 2024இல் 95,000க்கு மேல். அங்கேயும் மருமகள்தான் பார்த்தாள், மகள்தான் பார்த்தாள், சரிவரவில்லை. 2000இல் பராமரிப்புக் காப்புறுதி கொண்டுவந்தார்கள். நாற்பது வயதிலிருந்து எல்லோரும் கட்டவேண்டும். தேவை வரும்போது வீட்டுக்கு ஆள் வரும், அல்லது பகலில் நிலையத்துக்குக் கூட்டிப்போவார்கள். அதை நாளைக்கே இங்கே கொண்டுவா என்று கேட்கும் அளவுக்கு நான் விவரமில்லாதவள் இல்லை. காலை எட்டு மணிக்கு விட்டு நாலு மணிக்குக் கூட்டிவர ஒரு பகல் பராமரிப்பு நிலையம், அதுவும் ஏலாதவர்களைத் தூக்கி ஏற்றத் தெரிந்த ஆட்களோடு, அதையாவது கேட்கலாம். முதியோர் இல்லம் என்றதும் "அம்மாவைக் கொண்டுபோய்த் தள்ளப்போறியளா" என்று கண்ணைக் கசக்குகிறவர்கள் ஒரு கிழமை வந்து இரவில் எழும்பிப் பார்க்கட்டும். பிறகு பேசலாம்.

அதற்கு முன் வீட்டுக்குள் செய்யக்கூடியது ஒன்று இருக்கிறது. உறுதி எழுதும்போதே யார் எந்த மாதம், யார் எவ்வளவு காசு என்பதையும் சகோதரங்கள் இருந்து பேசி எழுதிவைப்பது. எழுதி முடிந்த வீடுகளில் இப்போதாவது இருந்து பேசுவது. காசு கேட்டால் பாசம் குறைந்துவிடும் என்று பயப்படுகிறோம். கேட்காமல் விட்ட வீடுகளில் அந்தியேட்டிச் சடங்குக்குக் கன்னியா வெந்நீரூற்றுக்குப் போன அன்றே சண்டை பிடித்து, பிறகு முகம் பாராதவர்களை எனக்குத் தெரியும்.

இந்த மாதம் தம்பிக்கு நான் கணக்கு அனுப்பியிருக்கிறேன். மருந்துச் செலவு, பம்பஸ், ஆட்டோ எல்லாம் வழக்கம்போல. கீழே புதிதாய் ஒரு வரி: அக்காவின் சம்பளம். கூடவே, ஆவணியில் அக்கா கதிர்காமம் போகிறா, அந்த இரண்டு கிழமையும் அம்மாவோடு நிற்க நீ டிக்கெட் போடு என்றும் எழுதினேன். நீல டிக் இரண்டும் விழுந்துவிட்டது. பதில் இன்னும் வரவில்லை.