ரானேவ்ஸ்கயாவின் நடிப்பையும் கொஞ்சம் பாருங்களேன்

ஃபைனா ரானேவ்ஸ்கயாவின் புகைப்படத்தோடு ஒரு துணுக்கு இன்றைக்கும் கண்ணில் பட்டது. வாயில் சிகரெட், கீழே ஒரு குத்தல் பேச்சு. இப்படிச் சுற்றுகிறவற்றில் எத்தனையோ அவர் சொன்னதே கிடையாது. எனக்கு இது உண்மையிலேயே வருத்தமாக இருக்கிறது. சோவியத் நாடக மேடையின் மிகப் பெரிய நடிகைகளில் ஒருவரைத் துணுக்குத் தோரணமாக ஆக்கிவிட்டோம்.

1896-இல் ரஷ்யாவின் தகன்ரோக்கில் பிறந்தவர். எழுத்தாளர் செகாவ் பிறந்த அதே ஊர். வசதியான யூதக் குடும்பம், இயற்பெயர் ஃபெல்ட்மன். செகாவின் 'செர்ரித் தோட்டம்' நாடக நாயகியின் பெயரைத்தான் தன் மேடைப் பெயராக வைத்துக்கொண்டார். 1917-இல் குடும்பம் நாட்டை விட்டுப் போனது. இவர் மட்டும் போகவில்லை. நாடகத்தை விட்டு வர மனமில்லை.

சினிமாவுக்கு வந்தபோது வயது 38. இயக்குநர் மிகயீல் ரோமின் மௌனப் படம். அப்புறம் 1939-இல் ஒரு நகைச்சுவைப் படத்தில் "மூல்யா, என் நரம்பைச் சோதிக்காதே" என்று ஒரு வசனம் பேசினார். அவ்வளவுதான், வாழ்நாள் முழுக்கத் தெருப்பிள்ளைகள் அதைச் சொல்லியே அவர் பின்னால் ஓடினார்கள். அந்த வசனத்தையே அவர் வெறுத்துப்போனார்.

அவருக்குக் கிடைத்ததெல்லாம் பெரும்பாலும் சின்னச் சின்ன வேடங்கள். இயக்குநர் ஐசன்ஸ்டைன் தன் 'இவான் தி டெரிபிள்' படத்தில் எஃப்ரோசீனியா வேடத்துக்கு இவரைத்தான் விரும்பினார். 1942-இல் திரைத்துறை அதிகாரி பல்ஷகோவ் அதை மறுத்து மேலிடத்துக்கு எழுதினார். காரணம், க்ளோசப் காட்சிகளில் இவருடைய யூத முகச்சாயல் தெளிவாகத் தெரிகிறதாம். வேடம் செராஃபிமா பிர்மனுக்குப் போனது. பிர்மன் நல்ல நடிகைதான். ஆனால் ஒருவரின் முகத்தைக் காட்டி வேடத்தைப் பறித்ததை என்னால் லேசாக எடுத்துக்கொள்ள முடியவில்லை. பின்னாளில் மூன்று ஸ்டாலின் பரிசு, 1961-இல் 'சோவியத் மக்கள் கலைஞர்' பட்டம் எல்லாம் வந்தன. இழந்த வேடம் வரவில்லையே.

அவர் யார் என்று தெரிய வேண்டுமானால் ரோம் எடுத்த 'கனவு' படத்தைப் பாருங்கள். தங்கும் விடுதி நடத்தும் ரோசா ஸ்கோரகோத். கறாரான பெண், காசில் கெட்டி, மகன் மேல் மட்டும் கண்மூடித்தனமான பாசம். அந்த மகனைச் சிறையில் பார்க்க வரும் காட்சியில் அவர் முகத்தை விட்டு என் கண் நகரவில்லை. அதுவரை எரிச்சலூட்டிய ஒருத்தி, சட்டென்று நமக்குத் தெரிந்த ஏதோ ஓர் அம்மாவாகிவிடுகிறாள்.

இன்னொன்று, 'இனி மௌனம்'. அனத்தோலி எஃப்ரோஸ் 1969-இல் மாஸ்கோவின் மொஸ்ஸவெத் அரங்கில் இயக்கிய நாடகம். கூட நடித்தவர் ரஸ்திஸ்லாவ் ப்ளியாத். வீட்டை இழந்த வயதான கணவன் மனைவி. பிள்ளைகள் இருந்தும் இருவரையும் சேர்த்து வைத்துக்கொள்ள ஆளில்லை, பிரிகிறார்கள். 1978-இல் இதைத் தொலைக்காட்சிக்காகப் பதிவு செய்தபோது ரானேவ்ஸ்கயாவுக்கு எண்பதைத் தாண்டியிருந்தது. குரலை உயர்த்தவே இல்லை. அழுது காட்டவும் இல்லை. கணவருக்குப் பாரமாகிவிடக் கூடாதென்று சிரித்த முகமாகவே விடைகொடுக்கிறார். எனக்குத்தான் அடக்க முடியவில்லை.

கல்யாணம் செய்துகொள்ளவில்லை. தெருவில் கிடைத்த ஒரு நாயை எடுத்து வளர்த்தார், பெயர் மால்சிக், 'பையன்' என்று அர்த்தம். நினைவுக் குறிப்புகளை எழுதி, தானே அழித்தும்விட்டார். 1984 ஜூலையில் இறந்தார். தன்னைப் பற்றிய புத்தகம் வேண்டாம் என்று முடிவெடுத்த ஒருவரின் வாயில்தான் நாம் தினமும் புதுப்புதுப் பேச்சைத் திணித்துக்கொண்டிருக்கிறோம்.

அடுத்த முறை அவர் படத்தைப் பகிரத் தோன்றினால், அந்த 1978 பதிவைப் பகிருங்கள். மொழி புரியாவிட்டாலும் பரவாயில்லை, கடைசிக் காட்சிக்கு மொழி தேவைப்படாது.