புதன்கிழமைக்கு மொக்கை ஜோக்தான் சரி

எங்க ஆஃபீஸ்ல புதன்கிழமை நாலு மணிக்கு டீ வந்ததும் ஒரு சடங்கு நடக்கும். நான் வேலைக்குச் சேர்ந்து ஆறு வருஷம் ஆகுது, ஒரு புதன்கூடத் தப்பினதில்லை.

டீக்காரத் தம்பி கிளாஸை மேஜை மேல வெச்சதும், மூலை சீட்டுல இருக்கிற பெரியவர் கண்ணாடியைக் கழட்டித் துடைப்பார். எங்க எல்லாருக்கும் மூத்தவர், 'வாத்தியார்'னுதான் கூப்பிடுவோம். துடைச்சு முடிச்சுட்டுச் சத்தமா கேட்பார்:

"இன்னாபா, புதன் இன்னும் உள்ளதான் கீதா? கேட் பாஸ் போட்டு வெளிய அனுப்புங்கபா, டெமரேஜ் ஏறுது."

நாங்க நாலஞ்சு பேர் ஒரே குரல்ல: "டீ.ஓ. வரலை வாத்தியாரே!"

"அப்ப நாளைக்கு வியாழன் வந்தா எங்க வெக்கறது?"

"மேலயே தூக்கி வெச்சிடலாம்!"

அவ்ளோதான் ஜோக்.

திருவொற்றியூர் பக்கம் ஒரு கன்டெய்னர் யார்டுல டாக்குமென்ட் பார்க்கிற வேலை எனக்கு. கப்பல்லேர்ந்து இறங்கின பெட்டி குறிச்ச நாளுக்குள்ள வெளிய போகலைன்னா, நாள் கணக்குல காசு ஏறும். அதுதான் டெமரேஜ். பெட்டியைக் கொடுக்கலாம்னு கப்பல் கம்பெனி தர்ற டெலிவரி ஆர்டர்தான் டீ.ஓ. அது இல்லாம பெட்டி நகராது. தரையில இடம் இல்லைன்னா ஒண்ணு மேல ஒண்ணா அடுக்குவாங்க. இவ்வளவு விளக்கின பிறகும் உங்களுக்குச் சிரிப்பு வரலைன்னா தப்பு உங்க மேல இல்லை. எங்களுக்கும் வர்றதில்லை. ஆனா அது இல்லாம நாலு மணி தாண்டாது.

வார நடுவுல மனசு துவண்டா நகைச்சுவை கைகொடுக்கும்னு ஆளாளுக்குச் சொல்றாங்க. சரிதான். எந்த மாதிரி நகைச்சுவைன்னுதான் யாரும் சொல்றதில்லை. என்னைக் கேட்டா, புதன்கிழமைக்கு நல்ல ஜோக் ஆகாது. நல்ல ஜோக்குக்குப் புத்தி வேணும். சொல்றவனுக்கும் வேணும், கேக்கறவனுக்கும் வேணும். புதன் நாலு மணிக்கு அது யார்கிட்ட மிச்சம் இருக்கு? பழசாகி மழுங்கின மொக்கைதான் அந்த நேரத்துக்குப் பொருந்தும்.

எங்க புதன் வேற மாதிரி புதன்ங்கிறதையும் சொல்லணும். ஓ.எம்.ஆர். பக்கம் ஐ.டி. கம்பெனிகள்ல வாரத்துக்கு அஞ்சு நாள். புதன் மதியச் சாப்பாட்டோட பாதிக் கிணறு தாண்டியாச்சு. இங்க திங்கள்லேர்ந்து சனி வரைக்கும் ஆறு நாள். கணக்குப் போட்டா, புதன் சாயங்காலம் பையை மாட்டிக்கிட்டுப் படி இறங்கும்போதுதான் சரிபாதி. அதாவது புதன் முழுக்கவும் ஏத்தம். சனிக்கிழமை கூலி வாங்கறவங்களுக்கு இன்னும் மோசம், போன வாரக் காசு கரைஞ்சிருக்கும், இந்த வாரக் காசு கண்ணுக்கே தெரியாது.

'பொன் கிடைத்தாலும் புதன் கிடைக்காது'ன்னு ஒரு பழமொழி இருக்குல்ல? அதுல பொன்னுங்கிறது வியாழன் கிரகம், புதன் சூரியனை விட்டு ரொம்ப விலகாததால விடியலுக்கு முன்னாடியோ அந்திக்கு அப்புறமோ கொஞ்ச நேரம்தான் அடிவானத்துல தெரியும், அதான் அப்படிச் சொல்லி வெச்சாங்கன்னு ஒரு விளக்கம் உண்டு. எனக்குப் பிடிச்ச விளக்கம். ஒரு தடவை இதை வாத்தியார்கிட்ட ரொம்ப ஆர்வமா சொன்னேன். பொறுமையா கேட்டுட்டு, "யாருக்குக் கெடைக்கலையாம்? என்னான்ட ஒண்ணு கீது, எடுத்துனு போவச் சொல்லு"ன்னார்.

வார நடுவுல நிஜமாவே நல்ல ஜோக் சொல்றவங்கன்னா டிரெய்லர் டிரைவருங்கதான். எண்ணூர் எக்ஸ்பிரஸ் சாலையில துறைமுக கேட்டுக்காக வண்டிங்க வால் பிடிச்சு நிக்கறதைப் பார்த்திருப்பீங்க. கப்பலோட கட்-ஆஃப், அதாவது பெட்டி உள்ள போயாக வேண்டிய கடைசி நேரம், நெருங்கும், ஏற்றுமதிக்காரர் எங்களைப் பிடுங்குவார், நாங்க டிரைவரைப் பிடுங்குவோம். "அண்ணா, வண்டி எங்க இருக்கு?"ன்னு கேட்டா, "நேத்து நீ கேட்டப்ப எங்க இருந்துச்சோ அங்கதான்மா. எதிர்ல டீக்கடைக்காரர் என்னை அவர் ரேஷன் கார்டுல சேர்த்துக்கறேன்றாரு"ன்னார் ஒருத்தர். சிரிச்சுட்டேன். போனை வெச்ச அப்புறம்தான் உறைச்சது, அந்த மனுஷன் குளிச்சு எத்தனை நாள் ஆச்சோன்னு. நல்ல ஜோக்கோட பிரச்சினை இதுதான், பின்னாடியே ஏதாவது ஒண்ணு இழுத்துக்கிட்டு வரும்.

தலைமை ஆஃபீஸ்லேர்ந்து ஒரு தடவை மெயில் வந்துச்சு. இனி புதன்தோறும் மூணரைக்கு 'ஃபன் ஹவர்', ஒவ்வொருத்தரும் ஒரு ஜோக் சொல்லணும், போட்டோ எடுத்து அனுப்பணும். சொன்னா நம்ப மாட்டீங்க, செவ்வாய்க்கிழமை ராத்திரி எனக்குத் தூக்கம் வரலை. பத்தாம் வகுப்புல திருக்குறள் ஒப்பிக்கறதுக்கு முன்னாடி இருந்த அதே வயித்துக் கலக்கம். அக்கவுன்ட்ஸ் அக்கா மொபைலைப் பார்த்து மனைவி ஜோக் ஒண்ணு படிச்சாங்க, அவங்களே மனைவி. அப்புறம் மேனேஜர் ஒரு ஜோக் சொன்னார். சிரிச்சோம் பாருங்க, அப்படி ஒரு சிரிப்பு! வாத்தியார் என் காதுகிட்ட, "இது ஓவர்டைம்மா, டபுள் கூலி கேக்கணும்"னார். 1948 தொழிற்சாலைச் சட்டத்துல அளவுக்கு மேல செய்யற வேலைக்கு இரட்டிப்புக் கூலின்னு இருந்ததை அவர் விளையாட்டுக்குக்கூட விட்டுக் கொடுக்க மாட்டார். மூணே வாரம், ஃபன் ஹவர் செத்துப் போச்சு. போட்டோ மட்டும் ரிசப்ஷன்ல தொங்குது. எல்லாரும் பல்லைக் காட்டிக்கிட்டு இருக்கோம், போட்டோ எடுத்தவர் "சிரிங்க சிரிங்க"ன்னு கத்தினதால.

12 மணி நேர வேலைக்கு வழிவிடற திருத்தம் 2023 ஏப்ரல் 21ஆம் தேதி சட்டசபையில நிறைவேறினப்ப ஆஃபீஸே சூடா இருந்துச்சு. 12 நாலு 48, நாலே நாள்ல வாரம் முடிஞ்சிடும், மிச்சம் மூணு நாள் லீவுன்னு ஒருத்தர் ஆதரவா பேசினார். வாத்தியார் முகத்தைத் தொங்கப் போட்டுக்கிட்டு, "அப்ப செவ்வாய் ராத்திரியே பாதி முடிஞ்சிடும். என் புதன் இன்னா பண்ணும், பாவம்"னார். எதிர்ப்பு கிளம்பி, மே 1ஆம் தேதி திருத்தத்தைத் திரும்ப வாங்கறதா அறிவிப்பு வந்துச்சு. தொழிற்சங்கத் தலைவர் சிங்காரவேலர் இதே சென்னைக் கடற்கரையில நாட்டோட முதல் மே தினத்தைக் கொண்டாடி அன்னையோட சரியா நூறு வருஷம். பின்னி மில் தொழிலாளிக் குடும்பத்துல பிறந்த எங்க சித்தப்பா, "சிரிச்சுக்கிட்டே இருந்தா எட்டு மணி நேரம் வந்திருக்குமா?"ன்னு இன்னைக்கும் என்னைக் கேப்பார். வந்திருக்காது, ஒத்துக்கறேன். சிரிப்பு புதனைத் தாண்டத்தான், முதலாளியைத் தாண்ட இல்லை.

இப்ப நான் சொல்ல வந்த விஷயம்.

மொக்கைன்னா கூர் போனது. மொக்கைக் கத்தி தக்காளியை நசுக்கும், விரலை வெட்டாது. எங்ககூட ஒரு தம்பி வேலை பார்த்தான், வியாசர்பாடிப் பையன், ஃபுட்பால் ஆடுவான், கணக்குல புலி. ஒரு புதன்கிழமை யாரோட சார்ஜரோ காணலை. எங்கள்ல ஒருத்தர், நல்ல டைமிங் உள்ளவர், "தம்பி ஏரியாவுல தேடுங்கப்பா, இந்நேரம் பாதி விலைக்கு வித்திருக்கும்"னார். கச்சிதமான ஜோக்குதான். எல்லாரும் சிரிச்சோம். தண்டையார்பேட்டையில பிறந்து வளர்ந்த நானும் சிரிச்சேன். வட சென்னைன்னாலே கத்தியும் கஞ்சாவும்னு சினிமா எத்தனை வருஷமா காட்டுதுன்னு மணிக்கணக்கா சண்டை போடற அதே நான். அவனும் சிரிச்சான். சார்ஜர் அக்கவுன்ட்ஸ் அக்கா பையிலேயே இருந்துச்சு. வியாழக்கிழமைலேர்ந்து அவன் டிபன் பாக்ஸை எடுத்துக்கிட்டு மாடிக்குப் போய்ச் சாப்பிட ஆரம்பிச்சான். ரெண்டு மாசத்துல ஸ்ரீபெரும்புதூர் பக்கம் வேலை கிடைச்சுதுன்னு போயிட்டான். கடைசி நாள் எல்லாருக்கும் ஸ்வீட் கொடுத்தான். நான் எதுவும் கேக்கலை, அவனும் எதுவும் சொல்லலை.

கலாய்க்கிறது இந்த ஊர்ல பிறப்புரிமை மாதிரி, மறுக்கலை. தெருவுல கலாய்ச்சா பதிலுக்குக் கலாய்க்கலாம், கோபம் வந்தா அடுத்த தெருவுக்குப் போயிடலாம். ஆஃபீஸ்ல சனிக்கிழமை வரைக்கும் அதே நாற்காலியிலதான் உக்காரணும். புதன்ல பட்ட காயம் ஆற இடமே இல்லை.

தினமும் மெட்ரோவுல காலடிப்பேட்டையைத் தாண்டிப் போறேன். 1717லேர்ந்து 1720 வரைக்கும் மெட்ராஸ் கவர்னரா இருந்த காலெட் துரை பேர்ல வந்த பேட்டை அது. ஜனங்க வாயில விழுந்து கவர்னர் காலடி ஆயிட்டார். வேணும்னு செஞ்சதில்லை, நாக்கு செஞ்சது. முந்நூறு வருஷமா சொல்லிச் சொல்லி, அதுல சிரிக்க ஒண்ணு இருக்குன்னே யாருக்கும் தெரியாம போச்சு. வாத்தியாரோட டெமரேஜ் ஜோக் இன்னும் அந்த அளவுக்கு மழுங்கலை, ஆனா பாதை அதுதான்.

போன மாசம் அவருக்குக் கண் ஆபரேஷன். ஒரு வாரம் லீவு. புதன்கிழமை டீ வந்துச்சு. யாரும் வாயைத் திறக்கலை. புதுசா சேர்ந்த பொண்ணு, "நான் வேணா சொல்லட்டுமா?"ன்னு கேட்டா. "அது அவரோடதும்மா"ன்னு அக்கவுன்ட்ஸ் அக்கா தடுத்துட்டாங்க. டீ ஆறிக்கிட்டு இருந்துச்சு. நாலு அஞ்சுக்கு என் போன் அடிச்சுது.

"ஸ்பீக்கர்ல போடும்மா"ன்னார். போட்டேன்.

"இன்னாபா, புதன் இன்னும் உள்ளதான் கீதா? எனக்கு ஒரு கண்ணுல கட்டு, சரியா தெரியல."

"டீ.ஓ. வரலை வாத்தியாரே!"