செனட்டர் ஆகப்போறன்

கனடா, ரொறன்ரோவின் ஸ்காபரோ, 2016 கோடை. ஞாயிறு காலை. அவர் லப்டொப்போடு குந்தியிருக்கிறார். அவ ஆட்டிறைச்சி வெட்டுறா.

அவர்: இஞ்சாரும், நான் செனட்டர் ஆகப்போறன். பாராளுமன்ற மேல்சபையில கதிரை.

அவ: முதல் அந்தக் குப்பையைக் கொண்டுபோய் வெளியில வையுங்கோ.

அவர்: பகிடியில்லையப்பா. முந்திப் பிரதமர்மார் தங்கட கட்சி ஆக்களாப் பாத்துப் போட்டவை. இப்பத்தைப் பிரதமர் ட்ரூடோ மாத்திப்போட்டார். ஆரும் விண்ணப்பிக்கலாம். ஒரு குழு இருந்து பேர் குடுக்கும்.

அவ: கடைசியா ஆளைத் தெரியிறது ஆர்?

அவர்: ...பிரதமர்தான்.

அவ: அப்ப என்னத்தை மாத்தினவர்?

அவர்: செனட்டர்மாருக்கு எலெக்சன் வைக்கத்தான் முந்தின பிரதமர் ஹார்ப்பர் பாத்தவர். 2014இல சுப்ரீம் கோட் மறிச்சுப்போட்டுது. அதுக்கு ஏழு மாகாணம் ஓமெண்டோணும், நாட்டுச் சனத்தில பாதியாவது அதுகளில இருக்கோணும். செனட்டை இழுத்து மூடுறதெண்டால் பத்து மாகாணமும் ஓமெண்டோணும்.

அவ: எங்கட மூண்டு பிள்ளையளையும் ஒரே நாளில சாப்பிடக் கூப்பிட ஏலாமக் கிடக்கு. பத்து மாகாணமோ!

அவர்: அதுதான் நான் உள்ளுக்க போய்த் திருத்தப்போறன்.

அவ: உள்ளுக்க எத்தினை பேர்?

அவர்: 105 கதிரை. 75 வயசுமட்டும் லேசில எழுப்பேலாது.

அவ: உங்களுக்கு 73.

அவர்: திருத்த ரெண்டு வருசம் காணாதோ?

அவ: என்ன வேலையாம்?

அவர்: கீழ்ச்சபை அனுப்புற சட்டத்தை ஆறுதலா இன்னொருக்கா யோசிக்கிறது. முந்தி ஒருத்தர் மெக்சிகோவில இருந்தே யோசிச்சவர். எதிர்க்கட்சிக்காரர் மெக்சிகோப் பாட்டுக் கோஷ்டி ஒண்டைப் பிடிச்சுவந்து செனட்டடியில வாசிப்பிச்சவங்கள்.

அவ: குடுத்துவைச்ச மனிசன்.

அவர்: (தொண்டையைச் செருமி) ஒரு சின்ன விசயம். 4,000 டொலர் பெறுமதியான காணி என்ர பேரில இருக்கோணுமாம். 1867இல எழுதினது, இன்னும் கூட்டேல்லை.

அவ: நாலாயிரத்துக்கு டவுண்டவுனில கார் விடுற இடமும் வராது.

அவர்: 1997இல ஒரு கன்னியாஸ்திரியைப் போட்டவை. துறவியிட்ட ஏது சொத்து? மடம் ஒரு துண்டுக் காணியை அவவின்ர பேருக்கு மாத்திக் குடுத்தது.

அவ: அதுக்கு?

அவர்: இந்த வீடு உம்மட பேரிலதானே...

(கத்தி நிற்கிறது.)

அவ: உங்கட தம்பியின்ர கடைக் கடனுக்குக் கையெழுத்து வைச்சனீங்கள். அண்டைக்கு என்ர பேருக்கு மாத்தின வீடு.

அவர்: கராஜை மட்டும் எண்டாலும்...

அவ: தாறன். அவ துறவியெண்டுதானே மடம் குடுத்தது? நீங்களும் ஒரு ஆறு மாதம் துறவியா இருந்து காட்டுங்கோ. இண்டைக்கே துவங்குவம். இந்த இறைச்சி எனக்கு மட்டும் காணும்.

(லப்டொப் மூடப்படுகிறது.)

அவர்: குப்பை எங்க கிடக்கு?