மிஸ்டர் பீனுக்கு முன்பே பேர் வாங்கியவர் ரோவன் அட்கின்சன்

"திக்கிப் பேசுகிறார் என்று எல்லா டிவிக்காரர்களும் விரட்டினார்கள், அதனால்தான் பேசாத மிஸ்டர் பீனாக நடித்து ஜெயித்தார்" என்று ரோவன் அட்கின்சன் பற்றி வாட்ஸ்அப்பில் ஒரு கதை சுற்றுகிறது. தவறு.

அவருக்குத் திக்கல் உண்டு. ஆனால் 1979லேயே பிபிசியின் 'நாட் தி நைன் ஓ'கிளாக் நியூஸ்' என்ற நகைச்சுவை நிகழ்ச்சி அவரைப் பிரபலமாக்கிவிட்டது. மேடையில் வாத்தியாராக வந்து வருகைப் பதிவேட்டை வாசிப்பார். ஒவ்வொரு பெயரையும் அவர் அழுத்தி உச்சரிக்கும் அழகுக்கே அரங்கம் அதிரும். 1983ல் தொடங்கிய 'பிளாக்ஆடர்' நகைச்சுவைத் தொடர் முழுக்க வாய்ச் சாமர்த்தியம்தான். திக்குகிற பிள்ளைகள் வாயை மூடிக்கொண்டால்தான் முன்னேறலாம் என்று நினைக்க வைக்கும் இந்தக் கதையைத் தயவுசெய்து பகிராதீர்கள். மிஸ்டர் பீன் முதலில் ஒளிபரப்பானதே 1990 ஜனவரி 1 அன்றுதான்.