கோடரி யாருடையது?

தோளில் கோடரியோடு ஒரு வேடர் பெரியவர் நிற்கும் அந்தப் படத்தை இனி யாரும் எனக்கு அனுப்ப வேண்டாம். நேற்று மாலையிலிருந்து பதினொரு பேர் அனுப்பிவிட்டீர்கள். "உங்கள் ஊர் நிகழ்ச்சி, பெருமையாக இருக்கிறது" என்று இரண்டு பேர் பூ வேறு வைத்திருக்கிறீர்கள். நான் அந்த மண்டபத்தில் மூன்றாவது வரிசையில் இருந்தேன். படத்தின் ஓரத்தில் தெரியும் முழங்கை என்னுடையதுதான்.

படத்தில் நிற்கும் பெரியவர் திருகோணமலை மாவட்டத்து வெருகல் பக்கத்திலிருந்து வந்தவர், இலங்கையின் பூர்வகுடிகளான வேடர்களில் ஒருவர். தோளில் இருக்கும் கோடரி அவருடையதல்ல. அன்று காலை திருகோணமலையில் ஒரு கடையில் வாங்கியது. பிடியில் ஒட்டியிருந்த விலைத்துண்டை ஒரு தம்பி நகத்தால் சுரண்டிக்கொண்டிருந்ததை நான் பார்த்தேன். பெரியவர் தோய்த்து மடித்த வெள்ளைச் சட்டையோடு வந்திருந்தார். கழற்றச் சொன்னார்கள், கழற்றினார். பின்னால் பதாகை: "பூர்வீக அறிவும் இயற்கை வளங்களின் நிலைபேறான முகாமைத்துவமும்." படம் எடுத்து முடிந்ததும் ஒலிவாங்கியைக் கையில் கொடுத்தார்கள். "எங்கள் கழியில்..." என்று தொடங்கினார். நான்கு நிமிடம்கூட ஆகவில்லை. நேரம் போதவில்லையாம், சாப்பாட்டு இடைவேளை. கழியில், அதாவது கடலோரக் களப்பில், இறால் எப்படி வளர்கிறது என்று சொல்ல வந்தவரை நிறுத்திவிட்டு எல்லோரும் இறால் பொரியல் எடுக்க வரிசையில் நின்றோம். நானும் நின்றேன்.

அவரைப் பேச விடவில்லை. என் கோபம் இவ்வளவுதான். மற்றவை எல்லாம் இதிலிருந்து வந்தவை.

உடனே சிலர் சொல்வீர்கள்: "நல்ல நோக்கத்தோடு செய்ததை ஏன் குற்றம் சொல்கிறீர்கள்? கூப்பிட்டார்களே, அதுவே பெரிது." கூப்பிட்டார்கள்தான். கல்யாண வீட்டுக்கு மேளகாரரையும் கூப்பிடுகிறோம், மாப்பிள்ளையைப் பற்றி அவரிடம் அபிப்பிராயம் கேட்பதில்லை. 1992இல் உருவான உயிர்ப்பல்வகைமை உடன்படிக்கையை இலங்கை 1994இல் ஏற்றுக்கொண்டது. அதில் 8ஆம் உறுப்புரையின் 'ஜே' பிரிவு என்று ஒன்று உண்டு. பாரம்பரிய அறிவைப் பயன்படுத்துவதாக இருந்தால் அந்த அறிவுக்கு உரியவர்களின் ஒப்புதலும் பங்களிப்பும் வேண்டும், பயனிலும் அவர்களுக்குப் பங்கு வேண்டும் என்கிறது. அன்று காட்டிய படங்களில் அந்தப் பிரிவும் இருந்தது, அழகான பச்சை நிறத்தில். ஒப்புதல் என்ற சொல் திரையில் ஓடியபோது பெரியவர் கோடரியை எங்கே வைப்பது என்று தெரியாமல் மடியில் வைத்துக்கொண்டிருந்தார்.

கோடரி ஏன் தேவைப்பட்டது தெரியுமா? வேடர் என்றால் நமக்குத் தெரிந்தது மகியங்கனைப் பக்கத்துத் தம்பானைப் படம் ஒன்றுதான். தாடி, வெற்று மார்பு, தோளில் கோடரி. மூதூரிலும் வெருகலிலும் வாகரையிலும் இருக்கும் கரையோர வேடர்கள் தமிழ் பேசுகிறார்கள், கோயில் சடங்கு செய்கிறார்கள், கழியில் வலை வீசுகிறார்கள், சட்டை போடுகிறார்கள். படத்துக்கு உதவமாட்டார்கள். ஆகவே திருத்தி எடுக்க வேண்டியிருக்கிறது. "திருகோணமலையில் ஏது வேடர்?" என்று கேட்கும் அறிஞர்களுக்கு: மானிடவியலாளர்களான செலிக்மன் தம்பதியர் 1911இலேயே கரையோர வேடரைப் பற்றி எழுதிவிட்டார்கள். நூறு வருடம் பிந்தினாலும் பரவாயில்லை, வாசியுங்கள்.

அடுத்தது சேனை, காட்டை வெட்டி எரித்துச் செய்யும் பயிர்ச்செய்கை. நேற்று ஒருவர் கேட்டிருந்தார், காட்டை எரித்துச் சேனை செய்தவர்களிடமா காடு காக்கப் படிக்க வேண்டும் என்று. நியாயமான கேள்வி போலத்தான் இருக்கிறது. ஆனால் சேனைக்காரன் ஓரிரண்டு போகம் செய்துவிட்டு அந்த நிலத்தை விட்டுவிடுவான். காடு திரும்ப மூடிய பிறகுதான் மறுபடி அங்கே வருவான். அதற்குப் பல வருடம் ஆகும், அதற்கு இடமும் வேண்டும். இடத்தைச் சுருக்கிவிட்டு, திரும்பத் திரும்ப ஒரே துண்டில் எரிக்க வைத்துவிட்டு, "பார், மண் செத்துவிட்டது" என்றால்? 1983இல் மாதுறு ஓயா தேசியப் பூங்கா வந்தபோது தம்பானை வேடர்கள் தலைமுறையாகத் தேன் எடுத்த காடு அவர்களுக்குத் தடைசெய்யப்பட்ட காடாயிற்று. நம் பக்கத்தில் 2006இல் போரால் ஊரே இடம்பெயர்ந்தது. திரும்பி வந்தபோது மேட்டுநிலங்களில் பற்றை வளர்ந்திருந்தது, பற்றைக்குள் எல்லைக்கல்லும் முளைத்திருந்தது. எந்தத் திணைக்களம் என்று நான் எழுதப்போவதில்லை. எனக்கும் அலுவல்கள் இருக்கின்றன.

அவர்களிலும் பிழை செய்பவர்கள் இருக்கிறார்கள்தான். தடைசெய்த வலை போடுபவர் உண்டு, மரம் விற்பவர் உண்டு. சரி. மேலே போகிறேன்.

எங்கள் வீட்டைப் பற்றியும் சொல்ல வேண்டும். சொல்லாமல் விட்டால் நானும் அந்தப் பதாகைக்காரர்தான். அப்பப்பாவுக்குக் கிளிவெட்டியில் வயல் இருந்தது. பெரும்போகத்துக்கு முன்னால் ஒரு வேடர் தேன் போத்தலோடு வருவார். போத்தல் வாய்க்குத் தேங்காய்ப் பொச்சு அடைத்திருக்கும். அப்பப்பா விலை பேசுவதற்கு முன் கேட்கும் கேள்வி, "கழிமுகம் எப்படி இருக்கிறது?" மணல் திட்டு எவ்வளவு உயரம், கச்சான் காற்று விட்டதா, தேன்வதை இந்த வருடம் எந்தக் கொப்பில் என்று அவர் சொல்வார். அதைக் கேட்டுத்தான் அப்பப்பா விதைப்பு நாளைத் தள்ளியும் முந்தியும் வைப்பார். அவ்வளவு நம்பிக்கை. அந்த மனிதருக்கு முற்றத்தில் வைத்துச் சிரட்டையில் தேநீர் கொடுத்தோம். எங்களுக்குக் கோப்பை. நான் சோற்றை அள்ளி அள்ளித் தின்றால் "வேடன் மாதிரித் தின்னாதே" என்று அப்பாச்சி அதட்டுவார். அந்தத் தேன்காரரின் பெயர் என்ன என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. இருபது வருடமாக வந்தவர்.

"அப்படியானால் உங்களுக்கு மற்றவர்களைக் கேட்க என்ன தகுதி?" இதை யாரும் இன்னும் எழுதவில்லை, எழுதுவீர்கள். தகுதி இல்லை. இருந்தும் கேட்கிறேன், அவரை ஏன் பேச விடவில்லை?

இன்று காலை பெரியவரின் பேரனுடைய தொலைபேசிக்கு எடுத்து அவரிடம் பேசினேன். என்ன சொல்ல வந்தீர்கள் ஐயா என்று கேட்டேன். சொன்னார். கோடையில் கழியின் வாயை மணல் அடைத்துவிடும். மழை வந்து நீர் ஏறும்போது அதை வெட்டிவிட வேண்டும். முந்தி வெட்டினால் இறால் குஞ்சு கண்டல் வேருக்குள் நின்று பெருக்க முன்பே நீர் வடிந்துவிடும். பிந்தி வெட்டினால் வயல் மூழ்கும். முன்பு வயல்காரரும் கழிக்காரரும் கூடி நாள் வைத்தார்களாம். இப்போது யாரோ இயந்திரத்தோடு வந்து அரை நாளில் வெட்டிவிட்டுப் போகிறார்கள். அப்படி வெட்டிய வருடம் இறால் இல்லை. "நாள் வைக்கும்போது எங்களையும் கூப்பிடுங்கள் என்று சொல்லத்தான் வந்தேன் பிள்ளை" என்றார். நான்கு நிமிடம் எடுத்தது. கணக்குப் பார்த்தேன்.

வைக்கப்போகும்போது, "இன்னொன்று" என்றார். கோடரியை நினைவுப் பரிசாக அவரிடமே கொடுத்துவிட்டார்களாம்.

"நல்ல இரும்பு. ஆனால் இதைத் தோளில் வைத்துக்கொண்டு காட்டுப் பக்கம் போனால் பிடிப்பார்களே, என்ன செய்ய?"